216 குறியீடுகள் இருந்தும் சொல்லாத ஒன்று

கிரிக்கெட் பார்க்கிற எல்லோருக்கும் ஹாம்ஸ்ட்ரிங் என்ற சொல் தெரியும். வேகப்பந்து வீச்சாளர் ஓடி வருவார், பாதியில் நிற்பார், தொடையின் பின்பக்கத்தைக் கையால் பிடித்துக்கொண்டு நொண்டுவார். "போச்சுடா, ஹாம்ஸ்ட்ரிங்!" என்று டிவி முன்னால் இருப்பவர்கள் சொல்வார்கள். அடுத்த பந்தில் அதை மறந்தும் விடுவார்கள்.

இதே காயம் அமெரிக்காவில் ஒருவருக்கு ஏற்பட்டால் கதை அத்தோடு முடிவதில்லை. அவருடைய தொடைக்கு ஒரு எண் கொடுக்கப்படும். அந்த எண் இல்லாமல் டாக்டரின் பில் இன்சூரன்ஸ் கம்பெனிக்குப் போகாது. அந்த எண்ணைத் தேர்ந்தெடுப்பவர் சென்னையிலோ கோவையிலோ ஒரு அலுவலகத்தில், இரண்டு திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் இளைஞராக இருக்கலாம். மெடிக்கல் கோடிங் என்று பேருந்து நிறுத்தங்களில் ஒட்டியிருக்கும் விளம்பரங்களின் பின்னால் இருக்கும் வேலை இதுதான். உயிரியல் படித்தவர்கள் கோடிங்குக்குப் போகிறார்கள். பி.காம். படித்தவர்கள் அதே கட்டிடத்தில் பில்லிங்குக்கும், பணம் ஏன் வரவில்லை என்று இன்சூரன்ஸ் கம்பெனியிடம் கேட்கும் ஏஆர் காலிங்குக்கும் போகிறார்கள். ஆகவே தொடைத் தசைக்கும் வணிகவியலுக்கும் என்ன சம்பந்தம் என்று யாரும் கேட்க வேண்டாம். நிறையவே இருக்கிறது!

இரண்டு தொடைகள், ஒரே எண்

கற்பனையாக இரண்டு நோயாளிகளை எடுத்துக்கொள்வோம்.

முதலாமவர் ஒஹாயோவில் ஒரு கல்லூரி மாணவர். கால்பந்து ஆடும்போது வலது தொடையின் பின்பக்கம் சுரீர் என்று இழுத்தது. டாக்டர் அழுத்திப் பார்த்துவிட்டு, தசையில் சில இழைகள் மட்டும் லேசாகக் கிழிந்திருக்கின்றன என்றார். ஐஸ், ஓய்வு, கொஞ்சம் பயிற்சி. ஓரிரு வாரங்களில் மைதானத்துக்குத் திரும்பிவிட்டார்.

இரண்டாமவருக்கு 45 வயது. ஏரியில் வாட்டர் ஸ்கீயிங் செய்துகொண்டிருந்தார். படகு சட்டென்று வேகமெடுத்தது. முழங்கால் நீட்டியபடி இருக்க, இடுப்பு மட்டும் முன்னால் மடங்கியது. 'டப்' என்று ஒரு சத்தம். உட்காரும்போது நாற்காலியில் படுகிற அந்த இடுப்பெலும்பு முனையிலிருந்து, ஹாம்ஸ்ட்ரிங்கின் தசைநாண்கள் மொத்தமும் பிய்ந்து கீழே சுருண்டுவிட்டன. அறுவை சிகிச்சை, ஊன்றுகோல், பல மாத பிசியோதெரபி. பழையபடி ஓட முடியுமா என்பதே கேள்வி.

இருவருக்கும் அமெரிக்கக் குறியீட்டு முறையில் கிடைக்கும் எண் என்ன தெரியுமா? எஸ்76.311ஏ. இருவருக்கும் அதேதான்!

எண்ணைப் பிரித்துப் பார்த்தால்

இந்த முறையின் பெயர் ஐசிடி-10-சிஎம். நோய்களின் சர்வதேச வகைப்பாட்டை அமெரிக்கா தன் தேவைக்கு விரித்து எழுதிக்கொண்ட வடிவம் இது. அங்கே 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அந்த எண்ணில் ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரு வேலை உண்டு.

எஸ்76 என்றால் இடுப்பு, தொடை மட்டத்தில் தசை, தசையுறை, தசைநாண் காயம். புள்ளிக்குப் பின் வரும் எண் எந்தத் தசை என்று சொல்லும். 0 என்றால் இடுப்புத் தசை. 1 என்றால் முன்தொடையின் குவாட்ரிசெப்ஸ். 2 என்றால் உள்தொடையின் அடக்டர். 3 என்றால் பின்தொடை, அதாவது ஹாம்ஸ்ட்ரிங். 8 என்றால் வேறு தசை. 9 என்றால் எந்தத் தசை என்று குறிப்பிடப்படவில்லை.

அடுத்த எண் காயத்தின் தன்மை. 0 குறிப்பிடப்படாதது, 1 இழுப்பு, 2 வெட்டு, 9 பிற. கண்ணாடி குத்தி தசை அறுந்தால் அது வெட்டு. ஓடும்போது போனால் இழுப்பு. அதற்கடுத்த எண் பக்கம்: 1 வலது, 2 இடது, 9 எந்தப் பக்கம் என்று குறிப்பிடப்படாதது. கடைசி எழுத்து சிகிச்சையின் கட்டம்: ஏ, டி, எஸ் என்று மூன்று.

கடைசி எழுத்தில் புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்கள் அடிக்கடி தடுக்கி விழுவார்கள். ஏ என்பதற்கு 'ஆரம்ப வருகை' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அதனால் முதல் தடவை டாக்டரைப் பார்ப்பது மட்டும்தான் ஏ என்று நினைத்துவிடுவார்கள். அப்படி இல்லை. காயத்துக்கு நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை எல்லாமே ஏ. மூன்று வாரம் கழித்து வேறொரு சர்ஜன் அறுவை சிகிச்சை செய்தாலும் அது ஏ-தான். ஆறும் கட்டத்தில் பிசியோதெரபிக்கு வரும்போது டி. காயம் ஆறிய பிறகும் அதன் விளைவாக ஏதாவது நீடித்தால் எஸ்.

இப்போது ஒரு சின்னக் கணக்கு. தசை வகை 6, காயத்தின் தன்மை 4, பக்கம் 3, கட்டம் 3. பெருக்கினால் 216. தொடை, இடுப்புத் தசைக் காயத்துக்கு மட்டும் 216 குறியீடுகள்! எந்தத் தசை, எந்தப் பக்கம், எந்தக் கட்டம் என்று எல்லாம் சொல்கின்றன. எவ்வளவு கிழிந்திருக்கிறது என்பதை மட்டும் 216-இல் ஒன்றுகூட சொல்வதில்லை.

சுளுக்கு என்ற ஒரே சொல்

தமிழ்நாட்டுக் கிராமங்களில் கழுத்து பிடித்துக்கொண்டாலும் சுளுக்கு, கணுக்கால் பிசகினாலும் சுளுக்கு, தொடை இழுத்தாலும் சுளுக்கு. பாட்டியிடம் போய் இது தசையா, மூட்டு நாரா என்று கேட்டால் எண்ணெய்க் கிண்ணத்தைக் கையில் எடுத்துவிடுவார்.

அமெரிக்காவின் பழைய ஐசிடி-9-சிஎம் முறையும் கிட்டத்தட்ட அந்தப் பாட்டியைப் போலத்தான் இருந்தது. 843 என்ற ஒரே தலைப்பில் இடுப்பு, தொடையின் மூட்டு நார்ச் சுளுக்கும் தசை இழுப்பும் சேர்ந்தே கிடந்தன. வலதா இடதா என்றுகூட அதில் சொல்ல முடியாது. 2015-இல் இதைப் பிரித்தார்கள். மூட்டு நார் எஸ்73-க்குப் போனது, தசை எஸ்76-க்கு வந்தது. பக்கம் வந்தது, கட்டம் வந்தது. சுமார் 14,000 குறியீடுகள் இருந்த புத்தகம் இன்று 70,000-ஐத் தாண்டி நிற்கிறது.

முன்னேற்றம்தான், மறுக்க முடியாது. ஆனால் பாட்டி கேட்காத ஒரே கேள்வியை இந்தப் புத்தகமும் கேட்கவில்லை. சந்தேகம் இருந்தால் அதன் அகரவரிசையில் தசைநாண் கிழிசல் என்று தேடிப் பார்க்கலாம். விபத்தால் ஏற்பட்ட கிழிசல் என்றால் 'இழுப்பு' என்ற தலைப்பைப் பார்க்கவும் என்று திருப்பி அனுப்பிவிடும். முழுதாகப் பிய்ந்த தசைநாணும் அங்கே போய் லேசான இழுப்போடு ஒரே வரிசையில் நிற்கும்.

இதைவிட வேடிக்கை ஒன்று உண்டு. விபத்து எதுவும் இல்லாமல், தானாகவே ஒருவருக்குத் தொடைத் தசை கிழிந்தால் அதற்கு எம்62.15 என்று தனி இடம் இருக்கிறது. அதன் பெயரிலேயே 'கிழிசல்' என்ற சொல் இருக்கிறது. முன்தொடைத் தசைநாண் தானாக அறுந்தால் அதற்கு எம்66.25 இருக்கிறது. அடிபடாமல் கிழிந்தால் கிழிசல், அடிபட்டுக் கிழிந்தால் இழுப்பு. இது என்ன நியாயம்?

பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு மட்டும் எப்படி?

தீவிரத்தைக் குறியீட்டில் அடக்குவது கஷ்டம் என்று ஒருவர் சொல்லலாம். அதே தொடையில் இருக்கும் மற்ற பாகங்களைப் பார்த்தால் இந்தச் சமாதானம் நிற்காது.

தொடைத் தோல் தீயில் வெந்தால், முதல் டிகிரியா, இரண்டாம் டிகிரியா, மூன்றாம் டிகிரியா என்று குறியீடு கேட்கிறது. டி24 என்ற தலைப்பில் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி இடம்.

தொடை எலும்பு முறிந்தால் இன்னும் விவரம். எஸ்72-இல் கடைசி எழுத்துக்கு மட்டும் 16 வாய்ப்புகள். மூடிய முறிவா, தோலைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்ததா, வந்தது எந்த வகை, சரியாகச் சேர்கிறதா, தாமதமாகச் சேர்கிறதா, சேரவே இல்லையா, கோணலாகச் சேர்ந்துவிட்டதா என்று அத்தனையும் உண்டு. தசைக்கு அந்தக் கடைசி இடத்தில் இருப்பது வெறும் மூன்று.

வாட்டர் ஸ்கீயிங் நோயாளியிடம் மறுபடி வருவோம். தசைநாண் பிய்யும்போது கூடவே ஒரு எலும்புச் சில்லையும் பெயர்த்துக்கொண்டு வந்திருந்தால் அவருடைய கதையே மாறியிருக்கும். அது எஸ்32.61, அதாவது இடுப்பெலும்பு பெயர்ந்த முறிவு. எலும்பு விலகியதா இல்லையா என்பதும் குறியீட்டிலேயே வந்துவிடும். எலும்புச் சில்லு வராமல் தசைநாண் மட்டும் பிய்ந்ததால் அது 'இழுப்பு'. ஒரு சில்லு எலும்பு இல்லாத குறைக்கு அவருடைய காயம் காகிதத்தில் கல்லூரி மாணவரின் காயமாகச் சுருங்கிவிட்டது!

இடமில்லை என்ற காரணமும் செல்லாது. தண்ணீர்ச் சறுக்குப் பலகை தீப்பிடித்துச் சுட்டுக்கொண்டால் அதற்கு வி91.07 என்று ஒரு குறியீடு வைத்திருக்கும் புத்தகம் இது. வாத்து தாக்கினால் டபிள்யூ61.62. பலகை தீப்பிடிப்பதை யோசித்தவர்கள், பலகையில் போகிறவரின் தசைநாண் அறுவதை ஏன் யோசிக்கவில்லை? (கிரிக்கெட் ரசிகர்களுக்கு ஒரு கொசுறுத் தகவல்: காயம் பட்டபோது என்ன விளையாடினார் என்று சொல்லும் குறியீடுகளில் பேஸ்பாலுக்கும் கால்பந்துக்கும் தனித்தனி எண் உண்டு. கிரிக்கெட்டை 'பிற குழு விளையாட்டுகள்' என்ற ஒய்93.69-இல் தள்ளிவிட்டார்கள்.)

யாருக்கு நஷ்டம்?

ஒரு போக்குவரத்து நிறுவனத்தின் கணக்குப் புத்தகத்தை நினைத்துப் பாருங்கள். டயர் பஞ்சர் ஒட்டியதும் 'வண்டி பராமரிப்பு', இன்ஜினையே மாற்றியதும் 'வண்டி பராமரிப்பு'. அங்கேயாவது எதிரில் ரூபாய் எழுதியிருக்கும், எது பெரிது என்று தெரிந்துவிடும். நோய்க் குறியீட்டுக்கு எதிரில் தொகை கிடையாது. பஞ்சரும் இன்ஜினும் ஒன்றாகவே தெரியும்.

முதல் நஷ்டம் நோயாளிக்கு. அமெரிக்க பில்லில் இரண்டு வகைக் குறியீடுகள் சேர்ந்து போகின்றன. என்ன செய்தார்கள் என்பதற்கு ஒன்று, ஏன் செய்தார்கள் என்பதற்கு இன்னொன்று. ஐசிடி அந்த 'ஏன்'. இந்த 'ஏன்' அந்த 'என்ன'வுக்குப் பொருந்த வேண்டும். எம்ஆர்ஐ, அறுவை சிகிச்சை, நீண்ட பிசியோதெரபி என்று கேட்கும்போது பக்கத்தில் நிற்கும் காரணம் 'இழுப்பு' என்றால் கேள்வி எழத்தானே செய்யும்? பிறகு டாக்டரின் குறிப்பை அனுப்பு, ஸ்கேன் அறிக்கையை அனுப்பு என்று கடிதங்கள் போகும். முழுதாகப் பிய்ந்த ஹாம்ஸ்ட்ரிங்கை முதல் சில வாரங்களுக்குள் தைத்துவிடுவது சுலபம். நாள் போகப்போக தசை சுருங்கி ஒட்டிக்கொள்ளும், வேலை கஷ்டமாகும். கடிதப் போக்குவரத்துக்கு அந்தத் தசை காத்திருக்காது.

அறுவை நடந்துவிட்டால் பரவாயில்லை, தைத்ததற்கான குறியீடே காயம் பெரிது என்று காட்டிக்கொடுத்துவிடும். வயது, வேறு நோய் என்று ஏதோ காரணத்தால் அறுவை வேண்டாம் என்று முடிவான நோயாளியை நினைத்துப் பாருங்கள். தசை முழுதாக அறுந்திருக்கும், பில்லில் அதற்கு ஒரு சாட்சியும் இருக்காது.

இரண்டாவது நஷ்டம் கோடருக்கு. அவர் டாக்டரின் குறிப்பைப் படிக்கிறார். 'மூன்று தசைநாண்களும் முழுதாகப் பிய்ந்துள்ளன' என்று தெளிவாகவே எழுதியிருக்கிறது. அவர் கை 'இழுப்பு' என்று தட்டுகிறது. அதுதான் விதி. ஒரு நாளைக்கு இத்தனை சார்ட், இத்தனை சதவீதம் துல்லியம் என்று இலக்கு வைத்து அவரை அளக்கிறார்கள். அவர் நூற்றுக்கு நூறு துல்லியம் எடுத்த நாளிலும், அந்தச் சார்ட்டில் இருந்த மிக முக்கியமான வாக்கியம் குறியீட்டுக்குள் போகவில்லை.

மூன்றாவது நஷ்டம் கணக்கெடுப்பவர்களுக்கு. இந்த வகைப்பாடு முதலில் பில் போடுவதற்காகப் பிறந்ததே அல்ல. 1893-இல் பிரான்ஸின் ழாக் பெர்தியோன் கொண்டுவந்தது இறப்புக் காரணங்களின் பட்டியல். எண்ணிப் பார்ப்பதற்காகத்தான் அது வந்தது. இன்று லட்சக்கணக்கான பில்களை அலசி, தொடைக் காயம் எத்தனை பேரை முடக்குகிறது என்று ஒருவர் கேட்டால், இரண்டு வாரம் நொண்டியவரும் ஒரு வருடம் முடங்கியவரும் ஒரே எண்ணில் கலந்து கிடப்பார்கள்.

அதனால்தான் விளையாட்டு மருத்துவர்கள் தனிக்குடித்தனம் போய்விட்டார்கள். ஆஸ்திரேலியாவின் ஜான் ஆர்ச்சர்ட் 1990-களின் தொடக்கத்திலேயே விளையாட்டுக் காயங்களுக்கென்று தனிக் குறியீட்டு முறை உருவாக்கினார். 2014-இல் பிரிட்டிஷ் அத்லெடிக்ஸ் மருத்துவர்கள் தசைக் காயத்தை 0 முதல் 4 வரை தரம் பிரித்து, கிழிசல் தசையின் ஓரத்திலா, தசையும் நாணும் சேரும் இடத்திலா, நாணுக்குள்ளேயா என்பதற்கு ஏ, பி, சி என்று எழுத்தும் சேர்த்தார்கள். ஐரோப்பியக் கால்பந்துக் கிளப்புகளின் டாக்டர்கள் பதிவு செய்த விவரங்களில், மொத்தக் காயங்களில் ஹாம்ஸ்ட்ரிங்கின் பங்கு 2001-02 பருவத்தில் 12 சதவீதமாக இருந்து 2021-22-இல் 24 சதவீதமாகியிருக்கிறது. கோடிகளில் புரளும் வீரரின் தொடையைப் பற்றி இவ்வளவு விவரம் கிடைக்கிறது. சாதாரண நோயாளியின் தொடைக்கு 'இழுப்பு' என்ற ஒரு சொல்தான்.

எதிர்த்தரப்பு என்ன சொல்லும்?

முதல் வாதம்: காயம் பட்ட அன்றே எவ்வளவு கிழிந்தது என்று சொல்ல முடியாது, எல்லோருக்கும் எம்ஆர்ஐ எடுக்கவும் முடியாது. உண்மைதான். ஆனால் அதற்குத்தானே 'குறிப்பிடப்படாதது' என்ற இடம் இருக்கிறது? தெரியாதவர்கள் அதை எழுதட்டும். தெரிந்தவர்கள் தெரிந்ததை எழுத ஒரு இடம் வேண்டும்.

இரண்டாவது வாதம்: டாக்டருக்கு டாக்டர் தரம் பிரிப்பது மாறும். இருக்கலாம். லேசானதையும் நடுத்தரத்தையும் பிரிப்பதில் சண்டை வரலாம். முழுதாக அறுந்ததா இல்லையா என்பதில் அவ்வளவு சண்டை வராது. குறைந்தபட்சம் அந்த ஒரு கோட்டையாவது போடலாமே.

மூன்றாவது வாதம்தான் கனமானது. தீவிரத்துக்குத் தனிக் குறியீடு வந்தால், சின்னக் காயத்தைப் பெரிதாக எழுதிப் பணம் பறிக்கும் ஆசையும் வரும். வரத்தான் செய்யும். போலி வவுச்சர் வரும் என்பதற்காக யாரும் வவுச்சரையே ஒழித்துவிடுவதில்லை, தணிக்கை செய்கிறார்கள். ஸ்கேன் அறிக்கையும் அறுவைக் குறிப்பும் இருக்கும்போது இங்கே தணிக்கை இன்னும் எளிது.

இடம் காலியாகத்தான் இருக்கிறது

இதற்காகப் புத்தகத்தையே மாற்றி எழுத வேண்டியதில்லை. காயத்தின் தன்மையைச் சொல்லும் இடத்தில் 0, 1, 2, 9 மட்டுமே பயன்படுகின்றன. 3 முதல் 8 வரை காலி! 3 என்றால் 'முழுக் கிழிசல் அல்லது எலும்பிலிருந்து பிய்ந்தது' என்று வைத்தால் போதும். வாட்டர் ஸ்கீயிங்காரர் எஸ்76.331ஏ ஆகிவிடுவார், கல்லூரி மாணவர் பழைய எண்ணிலேயே இருப்பார்.

இந்த முறை ஒவ்வொரு ஆண்டும் அக்டோபர் 1 அன்று புதுப்பிக்கப்படுகிறது. அதற்கான குழு ஆண்டுக்கு இருமுறை கூடுகிறது. குறியீடு வேண்டும் என்று யார் வேண்டுமானாலும் முன்மொழியலாம். உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-11, 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது. அதில் ஒரு மூலக் குறியீட்டோடு பக்கம், தீவிரம் போன்றவற்றைத் தனித்தனியாகக் கோத்துக்கொள்ளும் வசதி இருக்கிறது. ஆனால் அமெரிக்க பில்கள் ஐசிடி-10-சிஎம்மில்தான் ஓடுகின்றன. ஐசிடி-10-க்கு மாறவே அங்கே 2015 வரை ஆனது. அடுத்த மாற்றத்துக்காகத் தொடைகள் காத்திருக்க முடியாது.

அதுவரைக்கும் என்ன செய்வது? டாக்டர்கள் 'தொடை வலி' என்று முடித்துக்கொள்ளாமல் எந்தத் தசை, எந்தப் பக்கம், எவ்வளவு கிழிசல் என்று ஒரு வரி எழுத வேண்டும். 'வலது தொடை வலி' என்று மட்டும் எழுதினால் கோடர் எம்79.651 என்றுதான் போட முடியும், காயம் என்பதே காணாமல் போய்விடும். கோடர் ஊகித்து எழுதக் கூடாது, கேட்டு எழுதலாம். அந்தக் கேள்வியைக் கேட்க அவருக்கு நேரம் கொடுப்பது நிர்வாகத்தின் கடமை. பணம் மறுக்கப்பட்டால், ஏஆர் காலர் அந்த ஒரு வரியைத்தான் ஆயுதமாக எடுத்துக்கொண்டு பேச வேண்டும்.

இது அமெரிக்கப் பிரச்சினை மட்டும்தானே என்று விட்டுவிடவும் முடியாது. இந்தியாவில் மருத்துவமனை நிரப்பும் இன்சூரன்ஸ் கிளெய்ம் படிவத்திலும் ஐசிடி-10 குறியீட்டுக்குக் கட்டம் இருக்கிறது. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-இல் ஹாம்ஸ்ட்ரிங் காயம் எல்லாமே எஸ்76.3 என்ற ஒற்றைத் தலைப்பு. இழுப்பா வெட்டா, வலதா இடதா என்பதுகூட அதில் கிடையாது. இங்கே படிவம் நிரப்பும்போது டாக்டரின் அந்த ஒரு வரிக்கு இன்னும் கூடுதல் மதிப்பு.

பிய்ந்த தசை தனக்கு என்ன எண் கொடுத்தார்கள் என்று பார்த்து வலிப்பதில்லை. ஆனால் அதற்குச் சிகிச்சை எப்போது கிடைக்கும், யார் பணம் கட்டுவார்கள் என்பதில் அந்த எண்ணுக்கும் ஒரு பங்கு இருக்கிறது. 216 எண்களில் ஒன்றாவது உண்மையைச் சொன்னால் நல்லது.